முப்பது உயிர்கள்

தேனி, போடி, கம்பம் எனப் பள்ளத்தாக்கின் ஊர்களில் தொண்ணூறுகளில் சிறுவராய் இருந்தோர் பலருக்கு இன்றும் மறவாத ஒரு வாய்பாடு உண்டு. மேல், மேல், கீழ், கீழ், இடம், வலம், இடம், வலம், பி, ஏ. எழுதிப் படித்ததன்று, ஒருவர் சொல்ல ஒருவர் கேட்டு விரல்களில் ஏற்றிக்கொண்டது. இணை இணையாய் அடுக்கி வரும் அதன் நடையே மனத்தில் நிற்கச் செய்தது எனலாம்.

இதனை அமைத்தவர் ஜப்பானின் கொனாமி நிறுவனத்து நிரலாளர் கசுஹிசா ஹஷிமோட்டோ. 1986இல் 'கிரேடியஸ்' என்னும் ஆட்டத்தை வீட்டுக் கருவிக்கு மாற்றியபோது, சோதித்துப் பார்க்க வேண்டிய அவராலேயே அதனை ஆடி முடிக்க இயலவில்லை. தமக்கென ஒரு குறுக்குவழியை நிரலுள் வைத்தார். அது நீக்கப்படாமலே விற்பனைக்குச் சென்றது. 2020இல் அவர் மறைந்தார்.

அதே வாய்பாடு 1988இல் 'காண்ட்ரா' ஆட்டத்திலும் இடம்பெற்றது. அங்கே ஒரு குண்டு பட்டாலே சாவு. கொடுத்திருப்பதோ மூன்று உயிர்கள். தொடக்கத் திரையில் பத்து அழுத்தங்களையும் பிழையின்றி இட்டால் முப்பது. நிண்டெண்டோ கருவியின் மலிவான போலிகள் இந்தியச் சிற்றூர்களுக்கும் வந்து சேர்ந்த காலம் அது. பிள்ளைகள் 'உயிர்' என்று சொல்லவில்லை, 'லைஃப்' என்றே சொன்னார்கள் என்பது தமிழன்பர்க்குச் சற்று வருத்தமே.

இஃது ஏமாற்று என்பாரும் உளர். முப்பது உயிர் பெற்றவனும் குண்டுகளுக்குத் தப்பியே ஆக வேண்டும். எட்டுக் கட்டங்களின் முடிவைக் காணும் வாய்ப்பு மட்டுமே அவனுக்குக் கூடுகிறது. மேலும், மாண்டவர் மீள்வது நம் திடல்களுக்குப் புதிதன்று. சடுகுடுவில் எதிரணியார் ஒருவர் வீழ்ந்தால் நம்மில் வெளியேறியவர் ஒருவர் உள்ளே வருவார். அம்முறைக்குச் 'சஞ்சீவனி' என்றே பெயர். 'காண்ட்ரா'விலும் இருவர் ஆடுகையில், உயிர்கள் தீர்ந்தவர் தோழரின் இருப்பிலிருந்து ஒன்றை எடுத்துக்கொண்டு மீளலாம். கேளாமல் எடுத்ததால் எழுந்த பூசல்கள் ஒரு தனி வரலாறு.

ஆட்டத்தின் நிலையைச் சேமித்து வைக்க அதில் வழியில்லை. ஏழாம் கட்டத்தில் மின்சாரம் நின்றால் எஞ்சிய உயிர்கள் அத்தனையும் போயின. விளக்கு வந்தபின் மறுபடியும் மேல், மேல், கீழ், கீழ்.