நிலுவை

‘நில்’ என்னும் வினையடியிலிருந்து வந்த பெயர் இது. கைக்கு வந்திருக்க வேண்டிய பணம் வழியில் நின்றுவிட்டால் அது நிலுவை. பேச்சில் இதையே ‘பாக்கி’ என்கிறோம். அது அரபுச் சொல், எஞ்சியது என்று பொருள். அலுவலகங்களில் ‘அரியர்ஸ்’ என்றால்தான் சட்டென்று புரிகிறது.

அரசு ஊழியர் வழக்குகளில் இந்தச் சொல்லுக்குத் தனிக் கனம் உண்டு. தேர்வுநிலை என்னும் உயர் ஊதிய நிலை தள்ளிப்போனாலோ, பணியில் இளையவருக்கு முதலில் பதவி உயர்வு கொடுக்கப்பட்டாலோ, சரிசெய்யும் ஆணை ஒருநாள் வரலாம். அதில் ‘கருத்தியலாக’ என்ற ஒரு சொல் இருந்தால் போதும்: பதவி பின்தேதியிட்டுக் கிடைக்கும், கடந்த காலத்துக்கான பணம் கிடைக்காது. வேலை செய்யாதவருக்கு ஊதியமில்லை என்பதே அதற்குச் சொல்லப்படும் காரணம். ஆனால் உழைக்கத் தயாராக இருந்தவரை, அவர்மீது தவறில்லாதபோது, நிர்வாகமே விலக்கி வைத்திருந்தால் அந்த விதி பொருந்தாது என்று 1991இல் ஜானகிராமன் வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியது. நியாயமான தீர்ப்பு.

காலவரம்பு இன்னொரு சிக்கல். ஊதியம் தவறாக நிர்ணயிக்கப்பட்டால் ஒவ்வொரு மாதமும் அந்தத் தவறு புதிதாக நிகழ்கிறது என்பது எம்.ஆர். குப்தா வழக்கில் (1995) ஏற்கப்பட்டது. ஆகவே தாமதமாகக் கேட்டாலும் ஊதியத்தைத் திருத்தலாம். நிலுவையோ, தர்சேம் சிங் வழக்குக்குப் (2008) பிறகு, பொதுவாக மனுத் தாக்கலுக்கு முந்தைய மூன்று ஆண்டுகளுக்கே கிடைக்கும். அதற்கும் முந்தைய தொகை போனதுதான். உரிமை இருந்தும் எழுதிக் கேட்கத் தயங்கியவர்கள் இழப்பது இதைத்தான்.