திரும்பப் பெறப்படாத உடன்படிக்கை

திருப்பலியில் கிண்ணத்தைக் கையிலேந்தி நாம் நாள்தோறும் சொல்லும் சொற்களுள் ‘உடன்படிக்கை’ என்பதும் ஒன்று. பழகிய சொல்லாகையால் அதன் கனம் நமக்குத் தெரிவதில்லை. ஞாயிறு முதல் வாசகத்தை அமர்ந்து கேட்டுவிட்டு, நற்செய்திக்கு எழுந்து நிற்கும்போதுதான் இறைவார்த்தையே தொடங்குகிறது என்னும் எண்ணம் நம் மக்களிடையே உண்டு. மறையுரை ஆற்றும் நாமும் பல வேளைகளில் அவ்வாறே நடந்துகொள்கிறோம். பழைய ஏற்பாடு பழையதுதானே, புதியது வந்தபின் அது எதற்கு என்னும் கேள்வி வாய்விட்டுக் கேட்கப்படாமலே நம்மிடையே உலவுகிறது. அக்கேள்வி எவ்வளவு பழமையானது, எத்தகைய அழிவுக்குத் துணைபோயிற்று என்பதை வரலாற்றின் துணைகொண்டு சிந்திப்போம்.

முதலில் சொல்லைக் காண்போம். எபிரேயத்தில் ‘பெரித்’ என்று வழங்கியதை, கிறிஸ்துவுக்கு முந்திய நூற்றாண்டுகளில் எழுபதின்மர் கிரேக்கத்தில் ‘தியாதேக்கே’ என்று பெயர்த்தனர். இரு தரப்பார் பேசி முடிக்கும் ஒப்பந்தத்துக்குக் கிரேக்கத்தில் வேறொரு சொல் இருந்தும் அவர்கள் அதைத் தேர்ந்துகொள்ளவில்லை. ‘தியாதேக்கே’ என்பது ஒருவர் தம் விருப்பப்படி செய்துவைக்கும் ஏற்பாட்டை, சிறப்பாக உயிலைக் குறிக்கும். இலத்தீன் மொழி அதைத் ‘தெஸ்தாமெந்தும்’ ஆக்கியது. தமிழில் நூல்தொகுப்பை ‘ஏற்பாடு’ என்கிறோம். நூலுக்குள் வரும் செய்தியை ‘உடன்படிக்கை’ என்கிறோம். இரண்டுக்கும் மூலம் ஒரே சொல் என்பது இதனால் நம் கண்ணுக்குப் புலப்படாமல் போகிறது. ஆயினும் இவ்விரு தமிழ்ச்சொற்களும் சேர்ந்து உண்மையின் இரு பக்கங்களையும் காட்டிவிடுகின்றன: இறைவன் தாமாக முன்வந்து செய்த ஏற்பாடு அது, மனிதன் உடன்பட்டு வாழ வேண்டிய உறவும் அது.

தொடக்கநூல் 15ஆம் அதிகாரம் இதைக் காட்சியாகவே வரைகிறது. பிளந்து வைக்கப்பட்ட விலங்குகளின் நடுவே நடந்து செல்வது பண்டை வழக்கம். சொல் தவறினால் எனக்கும் இக்கதி நேரட்டும் என்பது அதன் பொருள். எரேமியா 34ஆம் அதிகாரம் இதற்குச் சான்று. ஆனால் இங்கே ஆபிராம் ஆழ்ந்த உறக்கத்தில் கிடக்கிறார். புகையும் தீச்சட்டியும் எரியும் தீப்பந்தமும் மட்டுமே அத்துண்டங்களின் நடுவே கடந்து செல்கின்றன. தம்மைத் தாமே பிணைத்துக்கொண்டவர் கடவுள் ஒருவரே. சீனாயில் மக்களும் தம் வாயால் உடன்படுகிறார்கள்; இரத்தத்தின் பாதி பலிபீடத்தின்மீதும் பாதி மக்கள்மீதும் தெளிக்கப்படுகிறது (விப 24). அவ்வுறவு மக்களால் முறிக்கப்பட்டபோது, புதிய உடன்படிக்கை ஒன்றை எரேமியா முன்னறிவித்தார் (எரே 31:31-34). அந்த வாக்குறுதியும் இஸ்ரயேல் வீட்டாருக்கும் யூதா வீட்டாருக்குமே அளிக்கப்பட்டது என்பதை நாம் கருத்தில் கொள்ள வேண்டும். இயேசு தம் இறுதி இராவுணவில் கிண்ணத்தை எடுத்தபோது சீனாய் மலையின் இரத்தமும் எரேமியாவின் வாக்கும் அந்த மேசையில் ஒன்றாகச் சேர்ந்தன.

இந்தத் தொடர்ச்சியை அறுத்தெறிய முதலில் துணிந்தவர் மார்சியோன். கருங்கடற்கரைச் சினோப்பே நகரைச் சேர்ந்த இக்கப்பல் உரிமையாளர் உரோமைச் சபைக்கு 2,00,000 செஸ்தெர்ஸ் காணிக்கை அளித்தவர். பழைய ஏற்பாட்டின் கடவுள் வேறு, இயேசுவின் தந்தை வேறு என்று அவர் போதித்தார். வெட்டிச் சுருக்கிய லூக்கா நற்செய்தியும் பவுலின் பத்துத் திருமுகங்களுமே அவருக்கு மறைநூல். 144ஆம் ஆண்டில் உரோமைச் சபை அவரை விலக்கியது. அவர் அளித்த பணத்தையும் திருப்பிக் கொடுத்தது. வசதி படைத்த உறுப்பினரை இழக்கலாம், இஸ்ரயேலின் மறைநூலை இழக்கலாகாது என்று அன்றைய சபை முடிவுசெய்தது. பின்னர் லியோன் நகர ஆயர் புனித இரனேயு, மனித குலத்துக்கு அளிக்கப்பட்ட நான்கு உடன்படிக்கைகளை எடுத்துரைத்து, அவை அனைத்தும் ஒரே கடவுளின் செயலே என்று நிலைநாட்டினார்.

கோட்பாட்டில் மார்சியோன் தோற்றார். உள்ளங்களில் அவர் தோற்றாரா? 1921இல் ஜெர்மானிய அறிஞர் அடால்ஃப் ஃபொன் ஹார்னாக் மார்சியோனைப் பற்றிய பெரு நூலை வெளியிட்டார். இரண்டாம் நூற்றாண்டில் பழைய ஏற்பாட்டைத் தள்ளியிருந்தால் அது தவறு. ஆனால் தம் காலத்திலும் அதைத் திருமுறையாக வைத்துக்கொண்டிருப்பது சபையின் முடக்கம் என்பது அவர் முடிபு. அவர் இனவெறியர் அல்லர், கற்றறிந்தவர். ஆயினும் நூலறையில் சொல்லப்பட்ட சொல் தெருவுக்கு வர நெடுங்காலம் ஆகவில்லை. 1933ஆம் ஆண்டு நவம்பர் 13 அன்று பெர்லின் விளையாட்டரங்கில் ஏறத்தாழ 20,000 பேர் கூடினர். ‘ஜெர்மானியக் கிறிஸ்தவர்’ என்னும் இயக்கத்தின் தலைவர்களுள் ஒருவரான ரைன்ஹோல்ட் கிராவுசே, பழைய ஏற்பாட்டிலிருந்து விடுதலை வேண்டும் என்று அங்கே முழங்கினார். பவுலின் இறையியலும் அவர் தாக்குதலுக்குத் தப்பவில்லை.

சில நாள்களில் திருவருகைக்காலம் வந்தது. மியூனிக் பேராயர் கர்தினால் ஃபவுல்ஹாபர், தூய மிக்கேல் ஆலயத்தில் தொடர் மறையுரைகள் ஆற்றினார். ஸ்ட்ராஸ்பூர்க் பல்கலைக்கழகத்தில் முன்பு பழைய ஏற்பாட்டுப் பேராசிரியராக இருந்தவர் அவர். ஹிட்லர் ஆட்சியின் முதல் ஆண்டிலேயே, இஸ்ரயேலின் மறைநூல் இல்லாமல் கிறிஸ்தவம் இல்லை என்று மக்கள் திரளின் முன் உரைத்தார். அம்மறையுரைகள் அச்சேறி எங்கும் பரவின. அது துணிவான செயல் என்பதில் ஐயமில்லை.

ஆயினும் வரலாறு முழு உண்மையையும் நம்மிடம் கேட்கிறது. கர்தினால் காத்தது கிறிஸ்துவுக்கு முந்திய இஸ்ரயேலின் நூலை. கிறிஸ்துவின் சாவுக்குப் பின் அம்மக்கள் இறைவெளிப்பாட்டுப் பணியிலிருந்து விடுவிக்கப்பட்டுவிட்டனர் என்று அதே மறையுரைகளில் அவர் கூறினார். தற்கால யூதர் பற்றிய பிரச்சினையில் அவர் எந்த நிலைப்பாடும் எடுக்கவில்லை என்று 1934இல் அவருடைய செயலர் எழுத்து மூலம் தெரிவித்தார். நூல் காக்கப்பட்டது, நூலுக்கு உரிய மக்கள் தனித்து விடப்பட்டனர். இதைச் சொல்வது இறந்துபோன ஒருவரைத் தீர்ப்பிடுவதற்கு அன்று. அன்று நாம் அந்த மறையுரை மேடையில் நின்றிருந்தால் அவ்வளவேனும் பேசியிருப்போமா என்று நம்மையே கேட்டுக்கொள்வதற்கு.

மறுபுறம் நடந்தது இதனினும் கொடிது. லூத்தர் புதிய ஏற்பாட்டை மொழிபெயர்த்த வார்ட்பூர்க் கோட்டையில், 1939 மே 6 அன்று, ஜெர்மானியத் திருச்சபை வாழ்விலிருந்து யூதத் தாக்கத்தை அகற்றுவதற்கென்றே ஓர் ஆய்வு நிறுவனம் தொடங்கப்பட்டது. அதை அறிவுத்துறையில் வழிநடத்தியவர் யேனா பல்கலைக்கழகத்தின் புதிய ஏற்பாட்டு அறிஞர் வால்ட்டர் குருண்ட்மன். 1940இல் அந்நிறுவனம் யூதச் சுவடுகளைத் துடைத்தெறிந்த ஒரு புதிய ஏற்பாட்டை வெளியிட்டது. மார்சியோனின் கத்தரிக்கோல் மீண்டும் வேலைசெய்தது. அதே யேனாவில், அதே இறையியல் துறையில், கெர்ஹார்ட் ஃபொன் ராட் விரல்விட்டு எண்ணத்தக்க மாணவர்களுக்குப் பழைய ஏற்பாட்டைக் கற்பித்துக்கொண்டிருந்தார். 1957இலும் 1960இலும் அவர் வெளியிட்ட பழைய ஏற்பாட்டு இறையியல் நூலின் இரு பகுதிகள், மீட்பு வரலாறு என்னும் பார்வையைக் குருமடங்கள்தோறும் கொண்டுசேர்த்தன.

போருக்குப்பின் அகழாய்வும் துணைக்கு வந்தது. பண்டைய இத்தியப் பேரரசர்கள் சிற்றரசர்களோடு செய்த உடன்படிக்கைகளைச் சீனாய் உடன்படிக்கையோடு ஒப்பிட்டு, 1954இல் ஜார்ஜ் மெண்டன்ஹால் எழுதினார். அவ்வாவணங்களில், பேரரசர் முன்பு செய்த நன்மைகள் முதலில் சொல்லப்படும். கட்டளைகள் அதன் பின்னரே வரும். பத்துக் கட்டளைகளும் எகிப்திலிருந்து விடுவித்த செயலைச் சொல்லியே தொடங்குகின்றன. இவ்வொப்பீட்டின் எல்லை எது என்பதில் அறிஞரிடையே கருத்து வேறுபாடு உண்டு. எனினும், அருள் முந்தியது, சட்டம் பிந்தியது என்னும் வரிசை விப 20ஆம் அதிகாரத்திலேயே தெளிவாக இருக்கிறது. பழைய ஏற்பாடு வெறும் சட்டம், புதிய ஏற்பாடு மட்டுமே அருள் என்று இனி யாரும் எளிதாகப் பிரித்துவிட இயலாது.

திருச்சபையின் மனமாற்றம் ஒரு சந்திப்பில் உருப்பெற்றது. 1960 ஜூன் 13 அன்று பிரெஞ்சு வரலாற்றறிஞர் ஜூல் இசாக் திருத்தந்தை 23ஆம் யோவானைச் சந்தித்தார். அவர் ஒரு யூதர். தம் மனைவியையும் மகளையும் அவுஷ்விட்ஸில் பறிகொடுத்தவர். யூதரைப் பற்றிய கிறிஸ்தவப் போதனை திருத்தப்பட வேண்டும் என்று அம்முதியவர் வேண்டினார். திருத்தந்தை அப்பொறுப்பைக் கர்தினால் பெயாவிடம் அளித்தார். அவர் ஜெர்மானிய இயேசு சபைத் துறவி. உரோமை விவிலிய நிறுவனத்தின் தலைவராக 1930 முதல் 1949 வரை பணியாற்றிய பழைய ஏற்பாட்டு அறிஞர். மீண்டும் ஒரு பழைய ஏற்பாட்டுப் பேராசிரியர்! இம்முறை நூலும் மக்களும் பிரிக்கப்படவில்லை. 1965 அக்டோபர் 28 அன்று இரண்டாம் வத்திக்கான் சங்கம், உரோமையர் திருமுகத்தின் 9 முதல் 11 வரையுள்ள அதிகாரங்களை அடியொற்றி, யூதரைக் கடவுளால் தள்ளப்பட்டவராகக் காட்டலாகாது என்று அறிக்கையிட்டது. 1970ஆம் ஆண்டுத் திருப்பலி நூலில், பெரிய வெள்ளி மன்றாட்டு அம்மக்கள் இறைவனின் உடன்படிக்கைக்கு உண்மையாய் நிலைத்திருக்க வேண்டுகிறது. 1980இல் மைன்ஸ் நகரில் யூதத் தலைவர்களிடம் பேசிய திருத்தந்தை 2ஆம் யோவான் பவுல், கடவுள் ஒருபோதும் திரும்பப் பெறாத உடன்படிக்கைக்குரிய மக்கள் என்று அவர்களைக் குறிப்பிட்டார்.

கிறிஸ்து அனைவருக்கும் மீட்பர் என்பதும், இஸ்ரயேலோடு செய்த உடன்படிக்கை முறியவில்லை என்பதும் எவ்வாறு ஒருங்கே பொருந்தும்? 2015இல் வெளிவந்த உரோமை ஆவணமும் இதை இறைவனின் மறைபொருளாகவே விட்டுவைக்கிறது. பவுலும் அந்த மூன்று அதிகாரங்களை விளக்கத்தோடு முடிக்கவில்லை. வியப்போடும் புகழ்ச்சியோடும் முடிக்கிறார்.

இது எங்கோ ஐரோப்பாவில் நடந்த வழக்கு என்று நாம் ஒதுங்கிவிட முடியாது. ஒரு மக்களினத்துக்கு அளித்த வாக்கைக் கடவுள் திரும்பப் பெற்றுக்கொண்டார் என்றால், நமக்கு அளித்த வாக்கை மட்டும் காப்பார் என்பதற்கு என்ன உறுதி? கடவுள் தம்மைக் கைவிட்டாரோ என்று நோயிலும் இழப்பிலும் நம் மக்கள் கேட்கிறார்கள். அக்கேள்விக்கு நாம் தரும் மறுமொழி, இஸ்ரயேலைக் கடவுள் கைவிடவில்லை என்னும் அடித்தளத்தின்மீதே நிற்கிறது. நாம் பிறந்த கிளைகள் அல்லர், ஒட்டவைக்கப்பட்டவர்கள். வேரை நாம் தாங்கவில்லை, வேரே நம்மைத் தாங்குகிறது என்று திருத்தூதர் நினைவூட்டுகிறார் (உரோ 11:17-18).

வரும் ஞாயிறு முதல் வாசகம் வாசிக்கப்படும்போது நாம் அமர்ந்தே கேட்போம். ஆனால் விழிப்போடு கேட்போம். அன்றிரவு ஆபிராம் உறங்கிக் கிடக்க, தாமே தீயாகக் கடந்து சென்ற அதே கடவுளே நம் பலிபீடத்தின் கிண்ணத்திலும் தம்மை நம்மோடு பிணைத்துக்கொள்கிறார்.