பனி விளக்கின் கதை (அம்பாசிடர் வைத்திருக்கும் பிள்ளைகளுக்காக)

 

கோத்தகிரிப் பக்கம் டாக்ஸி ஓட்டும் என் பழைய மாணவன் ஒருவன், அவன் அப்பா ஓட்டிய 1980-களின் அம்பாசிடரைத் தூசி தட்டி, டிங்கரிங், பெயிண்ட் எல்லாம் முடித்து வைத்திருக்கிறான். "சார், ஃபாக் லைட் போடணும். மஞ்சளா, வெள்ளையா? எல்.இ.டி. பார் போட்டா மலையே தெரியுதாமே?" என்று குரல்பதிவு அனுப்பியிருந்தான். பதில் சொல்ல உட்கார்ந்தேன், அது வரலாற்றுப் பாடமாக நீண்டுவிட்டது. உங்களில் பாதிப் பேர் இன்று கார் வைத்திருக்கிறீர்கள். அதனால் அவனுக்கு மட்டும் அனுப்பாமல் இங்கே எழுதுகிறேன். நீளம் அதிகம்தான், வகுப்பில் உட்கார்ந்த மாதிரி பொறுமையாகப் படியுங்கள்.

நான் மெக்கானிக் இல்லை. ஆனால் மேட்டுப்பாளையத்தில் என் அண்ணன் ஆட்டோ எலக்ட்ரிகல் பட்டறை வைத்திருந்தார். பள்ளி விடுமுறை முழுக்க எனக்கு அங்கேதான். மலை ஏறப் போகிற வண்டியும் இறங்கி வந்த வண்டியும் அந்த வாசலில்தான் நிற்கும். இன்று சொல்வதில் பாதி அண்ணன் சொன்னது, மீதி நான் தேடிப் படித்தது.

முதலில் ஒரு விஷயம். காருக்கு விளக்கு வந்த நாளிலிருந்தே இரண்டு கவலைகள் கூடவே வந்தன. ஒன்று, எனக்கு வழி தெரிய வேண்டும். இன்னொன்று, எதிரே வருகிறவனின் கண் அவிந்துவிடக் கூடாது. முதல் கவலையை எல்லாரும் பேசுவார்கள். பனி விளக்கு இரண்டாவது கவலையில் பிறந்த பிள்ளை.

ஆரம்ப காலக் கார்களில் எரிந்தது கார்பைடு விளக்கு. மாம்பழத்தைக் கள்ளத்தனமாகப் பழுக்க வைக்க ஒரு கல் வைப்பார்களே, அதே கால்சியம் கார்பைடுதான். அதன் மேல் தண்ணீர் சொட்டினால் அசிட்டிலீன் வாயு வரும், பற்ற வைத்தால் வெள்ளையாக எரியும். காற்றுக்கும் மழைக்கும் ஓரளவு தாங்கும். 1913-இல் ஜெர்மனியின் பாஷ் நிறுவனம் டைனமோவும் மின்விளக்கும் ரெகுலேட்டரும் சேர்ந்த முழுத் தொகுப்பாக விற்கத் தொடங்கியது. வெளிச்சம் கூடியதும் கண்கூச்சமும் கூடியது. 1924-இல் ஒரே பல்புக்குள் இரண்டு இழை வைத்த 'பைலக்ஸ்' பல்பு வந்தது. ஒரு இழை தூரத்துக்கு, இன்னொன்று தாழ்வாக. நாம் இன்று 'டிம் அடிப்பா' என்று சொல்கிறோமே, அதற்கு வயது நூறு ஆகிவிட்டது. பழைய அம்பாசிடரில் அதற்கான சுவிட்ச் தரையில், இடது காலுக்குக் கீழே இருக்கும். கிளட்சையும் மிதித்து டிப்பரையும் மிதித்துக் கொண்டை ஊசியில் திரும்பிய ஓட்டுநர்களின் இடது காலுக்கு ஒரு மாலை போடலாம்.

டிம் வந்த பிறகும் தீராத ஒரு தொல்லை இருந்தது: மூடுபனி. ஹெட்லைட் வெளிச்சம் பனித்துளிகளில் பட்டு, நம் கண்ணுக்கே திரும்பி வரும். எதிரே வண்டியே இல்லாமல் நம் விளக்கே நம் கண்ணைக் கூசவைக்கும். பிரைட் போட்டால் முன்னால் வெள்ளைச் சுவர் எழும்பும், மலையில் ஓட்டியவர்களுக்கு இது தெரியும்.

இந்தத் தொல்லையை அதிகம் அனுபவித்த நாடுகளில் ஒன்று இங்கிலாந்து. 1952 டிசம்பர் 5 முதல் 9 வரை லண்டனை மூடிய புகைப்பனியைப் பற்றி எட்டாம் வகுப்பில் யாராவது சொல்லியிருப்பார்கள். நிலக்கரிப் புகையும் பனியும் கலந்து, பேருந்துக்கு முன்னால் நடத்துநர் கையில் விளக்கோடு நடந்து வழிகாட்ட வேண்டியிருந்தது. அரங்குக்குள் பனி புகுந்து மேடை தெரியாமல் ஓர் இசை நாடகத்தை நிறுத்தினார்கள். நான்காயிரம் பேருக்கு மேல் இறந்ததாக அப்போதே கணக்கிட்டார்கள், பிற்கால ஆய்வுகள் அதைவிட மிக அதிகம் என்கின்றன. அதன் விளைவாக 1956-இல் அங்கே தூய காற்றுச் சட்டம் வந்தது.

அதே 1956-இல் அங்கே வெளிவந்த கார்தான் மோரிஸ் ஆக்ஸ்ஃபோர்டு மூன்றாம் வரிசை. அதன் அச்சுகளை வாங்கி, மேற்கு வங்காளத்தின் உத்தரபாராவில் ஹிந்துஸ்தான் மோட்டார்ஸ் 1950-களின் இறுதியில் தயாரிக்கத் தொடங்கி, 2014 வரை தயாரித்ததுதான் நம் அம்பாசிடர். ஆக, பனி நாட்டில் பிறந்த வண்டிதான் நம் நீலகிரிப் பனியிலும் ஓடியது.

அந்தக் காலத்து பிரிட்டிஷ் கார்களில் பெரும்பாலானவற்றுக்கு மின்சாமான் பர்மிங்காம் லூகாஸ் நிறுவனத்துடையது. அவர்களிடம் எஸ்.எஃப்.டி. 576, எஸ்.எல்.ஆர். 576 என்று இரண்டு கூடுதல் விளக்குகள் இருந்தன. வெளியே பார்த்தால் இரட்டைப் பிள்ளைகள் மாதிரி இருக்கும், வித்தியாசம் கண்ணாடியில்தான். தூர விளக்கின் கண்ணாடி பெரும்பாலும் தெளிவாக இருக்கும், ஒளி குவிந்து நேராகப் போகும். பனி விளக்கின் கண்ணாடியில் மேலிருந்து கீழாக வரி வரியாகப் பள்ளம் இருக்கும், அது ஒளியை இடமும் வலமும் விசிறி மாதிரி விரிக்கும். மேல் பக்கம் மட்டும் கத்தியால் வெட்டியது போல நின்றுவிடும். பனி விளக்கின் உயிர் அந்த வெட்டில்தான் இருக்கிறது. மேலே ஒளி போகாததால் துளிகளில் பட்டு நம் கண்ணுக்குத் திரும்புவது குறைகிறது. விளக்கைத் தாழ்வாகப் பொருத்துவதும் இதற்காகவே. நம் பார்வைக் கோட்டிலிருந்து விளக்கு எவ்வளவு கீழே போகிறதோ அவ்வளவு நல்லது.

இனி அவன் கேட்ட கேள்வி: மஞ்சளா, வெள்ளையா?

மஞ்சள் ஒளி பனியைத் துளைத்துக்கொண்டு போகும் என்று எல்லா ஓட்டுநர்களும் சொல்வார்கள். என் அண்ணனும் சொல்வார். மஞ்சள் கண்ணாடித் தாளை வெட்டி ஹெட்லைட்டில் ஒட்டிக்கொண்டு மலையேறிய லாரிகளை நான் பார்த்திருக்கிறேன். இதில் பிரான்சு இன்னும் ஒரு படி மேலே போனது. 1936-இல் சட்டம் போட்டு, புதிய கார்களின் ஹெட்லைட்டே மஞ்சளாக இருக்க வேண்டும் என்றது. அந்த விதி 1993 தொடக்கம் வரை நீடித்தது. பழைய பிரெஞ்சுப் படங்களில் இரவுச் சாலை முழுக்க மஞ்சள் கண்களாக வருவது அதனால்தான்.

ஆனால் துளைக்கும் என்பது சரியா? வகுப்பில் 'வானம் ஏன் நீலம்?' என்று கேட்டேனே, நினைவிருக்கிறதா? காற்றின் மூலக்கூறுகள் மிகச் சிறியவை, அதனால் நீல ஒளியை அதிகம் சிதறடிக்கின்றன. இதை ராலே என்ற ஆங்கிலேய அறிஞர் 1871-இல் விளக்கினார். மூடுபனியின் கதை வேறு. ஒரு துளியின் குறுக்களவு ஏறத்தாழ ஒரு மில்லிமீட்டரில் நூறில் ஒரு பங்கு, ஒளியின் அலைநீளத்தைப் போல இருபது மடங்கு. இப்படிப்பட்ட பெரிய உருண்டைகளில் ஒளி எப்படிச் சிதறும் என்று 1908-இல் கணக்குப் போட்டவர் குஸ்டாவ் மீ என்ற ஜெர்மானியர். அந்த அளவில் எல்லா நிறமும் ஏறக்குறைய ஒன்றுபோலவே சிதறுகிறது. இதற்குச் சோதனைச்சாலை வேண்டாம், பனியைப் பார்த்தாலே போதும். அது நீலத்தை மட்டும் சிதறடித்தால் நீலமாக அல்லவா தெரியும்? வெள்ளையாகத்தானே இருக்கிறது.

அப்படியானால் ஓட்டுநர்கள் சொன்னதெல்லாம் பொய்யா? இல்லை. நீலமும் ஊதாவும் நம் கண்ணை அதிகம் உறுத்துகிற நிறங்கள். அவற்றை வடிகட்டிய மஞ்சள் ஒளியில் கூச்சம் குறைவாகத் தோன்றுகிறது, கண்ணும் நிதானமாக இருக்கிறது. பிரெஞ்சுக்காரர்களின் காரணமும் கூச்சத்தைக் குறைப்பதாகத்தான் இருந்தது. ஓட்டுநரின் அனுபவம் உண்மை, அதற்கு அவர் சொன்ன காரணம்தான் சரியில்லை. அதனால் மஞ்சள் பிடித்தால் தாராளமாகப் போடலாம். கண்ணாடி ஒளியில் கொஞ்சத்தை விழுங்கும், பரவாயில்லை. ஆனால் வெட்டு இல்லாத மஞ்சள் விளக்கைவிட வெட்டு உள்ள வெள்ளை விளக்கு ஆயிரம் மடங்கு மேல்.

இப்போது எல்.இ.டி. பாருக்கு வருகிறேன். இங்கே எனக்குக் கோபம் வரும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

சென்ற மார்கழியில் என் தங்கை மகன் குன்னூரிலிருந்து இரவில் இறங்கிக்கொண்டிருந்தான். வளைவில் எதிரே ஒரு ஜீப், கூரை மேல் நீளமான வெள்ளைப் பட்டை விளக்கு. பனியும் அந்த வெளிச்சமும் சேர்ந்து ஒரே பால்வெளி. எந்தப் பக்கம் மலை, எந்தப் பக்கம் பள்ளம் என்று தெரியாமல் பிரேக் போட்டு ஒதுக்கினான். நல்லவேளை, ஒதுக்கியது மலைப் பக்கம். முன் சக்கரம் ஓடையில் இறங்கியது, பம்பர் போயிற்று. பின்சீட்டில் என் தங்கையும் ஒன்றரை வயதுப் பேத்தியும் இருந்தார்கள். ஜீப் நிற்கவே இல்லை.

அந்த ஜீப்காரருக்குக் கெட்ட எண்ணம் இருந்திருக்காது. தூரம் தெரிந்தால் பத்திரம் என்று நம்பியிருப்பார். பனியில் தூரம் எந்த விளக்குக்கும் தெரியாது. பனி விளக்கு காட்டுவது பத்து, இருபது மீட்டர் சாலை, ஓரத்து வெள்ளைக் கோடு, கைப்பிடிச் சுவரின் அடி, அவ்வளவுதான். மீதியைச் செய்ய வேண்டியது ஆக்சிலரேட்டரில் இருக்கும் கால். சாலைக்காரர்களும் இதை உணர்ந்துதான் பக்கத்திலேயே வழிகாட்டிகளைப் பதித்தார்கள். யார்க்ஷயரைச் சேர்ந்த பெர்சி ஷா, பூனையின் கண்போல ஒளியைத் திருப்பி அனுப்பும் கண்ணாடிக் குமிழைச் சாலையில் பதிக்க 1934-இல் காப்புரிமை பெற்றார். நம் மலைப்பாதை வளைவுகளில் மினுங்கும் பதிகற்கள் அதன் பேரப் பிள்ளைகள்.

இன்னொன்று. ஹாலஜன் பல்புக்காகச் செய்த பழைய விளக்கில் எல்.இ.டி. பல்பை மட்டும் செருகினாலும் வெட்டு கெட்டுப்போகும். இழை இருக்க வேண்டிய புள்ளியைக் கணக்கிட்டுத்தான் உள்ளே உள்ள கிண்ணத்தை வளைத்திருக்கிறார்கள். ஒளி வேறு இடத்திலிருந்து கிளம்பினால் கண்டபடி சிதறும்.

சரி, அம்பாசிடருக்கு என்ன போடுவது? வட்டமான 55 வாட் ஹாலஜன் பனி விளக்கு ஒரு ஜோடி. முன்பக்க பனி விளக்கு என்பதற்கு அடையாளமாகக் கண்ணாடியில் 'பி' என்ற எழுத்து பொறித்திருக்கிறதா என்று பார்த்து வாங்கு. விளக்கு தரையிலிருந்து 25 சென்டிமீட்டருக்குக் குறையாமலும் 80 சென்டிமீட்டருக்கு மேற்படாமலும் இருக்க வேண்டும் என்பது விதி. அம்பாசிடரின் குரோம் பம்பரை ஒட்டிக் கீழே பட்டை வைத்துப் பொருத்தினால் சரியாக அமையும். கிரில்லுக்கு முன்னால் வைத்து ரேடியேட்டருக்குப் போகும் காற்றை மறைக்காதே, ஏற்றத்தில் வண்டி கொதித்துவிடும். கூடுதல் விளக்கு பொருத்துமுன் வட்டாரப் போக்குவரத்து அலுவலகத்தில் ஒரு வார்த்தை கேட்டுக்கொள். டாக்ஸிக்கு எஃப்.சி. காட்ட வேண்டுமே.

ஒயரிங்தான் முக்கியம். 55 வாட் இரண்டு சேர்ந்தால் 110 வாட். 12 வோல்ட்டால் வகுத்தால் ஒன்பது ஆம்பியருக்குச் சற்று மேல். பழைய டைனமோ முழு மூச்சில் கொடுப்பதே இருபது ஆம்பியர் சொச்சம். ஹெட்லைட், வைப்பர், இக்னிஷன் எல்லாம் அதிலிருந்துதான் சாப்பிட வேண்டும். ஐடிலில் டைனமோ ஏறக்குறைய ஒன்றும் தராது, பர்லியாறில் வரிசையில் நிற்கும்போது பாட்டரிதான் கரையும். ஆல்டர்னேட்டர் மாற்றியிருந்தால் கவலை இல்லை. அதோடு, பழைய லூகாஸ் முறை ஒயரிங்கில் இருப்பது இரண்டே ஃப்யூஸ், ஹெட்லைட் அதில் சேராது. அதனால் இருக்கிற ஒயரில் முறுக்கி ஒட்ட விடாதே. பாட்டரியிலிருந்து தனி ஒயர், ஆரம்பத்திலேயே 15 ஆம்பியர் ஃப்யூஸ், நடுவில் ரிலே. டேஷ்போர்டு சுவிட்ச் ரிலேயை மட்டும் இயக்கட்டும். எர்த் கொடுக்கும் இடத்தில் பெயிண்ட்டைச் சுரண்டிவிட்டு முடுக்கு. விளக்கு மங்கலாக எரிகிறது என்று வந்த வண்டிகளில் பத்துக்கு ஏழு எர்த் கோளாறு என்பார் அண்ணன்.

கடைசியாக, குறி வைப்பது. சமதரையில் சுவருக்கு 25 அடி தள்ளி வண்டியை நிறுத்து. டயர் காற்று சரியாக இருக்க வேண்டும், டிக்கியில் சாமான் கூடாது. விளக்கின் மையம் தரையிலிருந்து எவ்வளவு உயரமோ, சுவரில் அதே உயரத்தில் சாக்பீஸால் ஒரு கோடு போடு. ஒளியின் மேல் விளிம்பு அந்தக் கோட்டுக்கு நான்கு விரற்கடை கீழே விழ வேண்டும். பின்சீட்டில் மூன்று பேர் உட்கார்ந்தால் மூக்கு தூக்கும், ஆகவே இன்னும் ஒரு விரற்கடை இறக்கி வைத்தாலும் குற்றமில்லை. பனி விலகியதும் அணைத்துவிடு, வெறும் இரவில் அது எதிரே வருகிறவனுக்குத் தொந்தரவு.

உங்களில் யார் வீட்டிலாவது, வரி வரியான கண்ணாடி உள்ள பழைய லூகாஸ் விளக்கு பரணில் கிடந்தால் ஒரு படம் எடுத்துப் போடுங்கள். அண்ணன் பட்டறையில் இருந்தது எடைக்குப் போய்விட்டது. அடுத்த வாரம் எழுத ஏதாவது வேண்டுமென்றால், அம்பாசிடர் வைப்பர் ஏன் மழையில் மட்டும் நிற்கும் என்று எழுதுகிறேன்.