கெபாயா அழகியும் மலாய்த் திரையும்: மரியா மெனாடோவின் கலைவாழ்வு – ஒரு வரலாற்று நோக்கு

முன்னுரை

மலாய்த் திரைப்பட வரலாற்றைத் தமிழில் எழுதுவோர் பெரும்பாலும் இரு பொருள்களையே விரித்துரைப்பர். ஒன்று, பி. ரம்லியின் பன்முகக் கலைத்திறன். மற்றொன்று, இத்துறையின் தொடக்கக் காலத்தில் இந்திய இயக்குநர்கள் ஆற்றிய பங்கு. இவ்விரண்டும் உரைக்கத்தக்கனவே. எனினும், அப்படங்களின் பெயர்களைச் சுவரொட்டிகளில் தாங்கி நின்ற நடிகையர், இத்தகைய எழுத்துகளில் ஒரு வரிக் குறிப்பாகவே எஞ்சிவிடுகின்றனர். அவ்வாறு எஞ்சியவருள் ஒருவர் மரியா மெனாடோ. அழகிப் போட்டியொன்றின் வாயிலாகப் புகழ்பெற்று, நடிகையாகவும் பின்னர்த் தயாரிப்பாளராகவும் உயர்ந்த இவருடைய கலைவாழ்வை ஆராய்வதும், அதன்வழி 1950களின் மலாய்த் திரையுலகில் பெண்ணின் அழகு எவ்வாறு ஒரு முதலாக மாற்றப்பட்டது என்பதை விளக்குவதும் இக்கட்டுரையின் நோக்கங்களாகும்.

மெனாடோவிலிருந்து சிங்கப்பூர்வரை

மரியா மெனாடோ 1932இல், அன்று டச்சுக்காரர் ஆட்சியின்கீழ் இருந்த வட சுலாவெசியில் பிறந்தவர். டோத்துலோங் என்னும் மினஹாசா குடும்பப் பெயருக்கு உரியவர். ‘மெனாடோ’ என்பது அவ்வட்டாரத்தின் முதன்மை நகரின் பெயர். கலையுலகப் பெயராக ஊர்ப்பெயரையே அவர் ஏற்றமை நோக்கத்தக்கது. அக்காலத்துச் சிங்கப்பூரின் மலாய்க் கலையுலகம் உள்ளூர்க் கலைஞர்களால் மட்டும் இயன்றதன்று. சுமத்திரா, ஜாவா, போர்னியோ, சுலாவெசி எனத் தீவுக்கூட்டம் முழுவதிலிருந்தும் நாடகக் குழுவினரும் பாடகரும் நடிகரும் அங்கு வந்து சேர்ந்தனர். ‘நுசாந்தாரா’ என்று மலாய் அறிஞர் சுட்டும் பெருநிலப்பரப்பின் ஒரு சிறு வடிவமாகவே அன்றைய படப்பிடிப்புத் தளங்கள் விளங்கின. மரியாவின் பெயர் அவ்வுண்மைக்கு ஒரு சான்று.

கெபாயா அழகிப் பட்டம்

சிங்கப்பூருக்கு வந்த மரியா ஆடை அலங்கார விளம்பர அழகியாகப் பணியாற்றினார். 1950களின் தொடக்கத்தில் ‘ராத்து கெபாயா’, அதாவது கெபாயா அரசி, என்னும் பட்டத்தை வென்றார். அன்றைய அழகிப் போட்டிகளை இன்றைய உலகளாவிய போட்டிகளோடு வைத்து எண்ணுதல் பொருந்தாது. நியூ வோர்ல்ட், கிரேட் வோர்ல்ட், ஹேப்பி வோர்ல்ட் ஆகிய கேளிக்கை வளாகங்களில் பாங்சாவான் நாடகம், ஜோகெட் நடனம், குத்துச்சண்டை முதலியவற்றோடு அழகிப் போட்டிகளும் நடத்தப்பட்டன. இவ்வளாகங்கள் சிலவற்றில் முதலீடு செய்திருந்த ஷா சகோதரர்களே திரையரங்குகளையும் படப்பிடிப்புத் தளத்தையும் உடைமையாகக் கொண்டிருந்தனர். ஆகவே, மேடையில் பாராட்டப்பட்ட ஒரு முகம் திரைக்குச் செல்லும் வழி நெடியதாக இல்லை.

கெபாயா என்னும் உடையின் தேர்வும் எண்ணத்தக்கதே. நீச்சலுடைப் போட்டிகள் மலாய் முஸ்லிம் சமூகத்தாரின் கண்டனத்துக்கு ஆளாகக்கூடிய சூழலில், சாரோங் கெபாயா உள்ளூர்ப் பண்பாட்டின் அடையாளமாகவும் நவீனப் பெண்ணின் எழிலுடையாகவும் ஒருங்கே விளங்கிற்று. மரபையும் புதுமையையும் ஒரே உடலில் காட்டவல்ல பெண்ணையே அன்றைய திரைத்துறையும் வேண்டிநின்றது. பட்டம் மரியாவுக்கு வாயிலைத் திறந்தது. ஆனால் வாயிலைக் கடந்தபின் நிகழ்ந்தவற்றை அப்பட்டத்தைக் கொண்டு மட்டும் விளக்கிவிட இயலாது.

இரு நிறுவனங்களும் இந்திய இயக்குநர்களும்

ஷா சகோதரர்களின் மலாய் ஃபிலிம் புரொடக்ஷன்ஸ் தயாரிப்பில் 1951இல் வெளிவந்த ‘பெங்ஹிடுப்பான்’ என்னும் படத்தின்வழி மரியா திரைக்கு அறிமுகமானார். அதன் இயக்குநர் எல். கிருஷ்ணன், சென்னையில் பிறந்து பினாங்கில் வளர்ந்தவர். 1950இல் ‘பக்தி’ படத்தில் பி. ரம்லியை முதன்முறையாகக் கதைத் தலைவனாக நடிக்க வைத்தவரும் அவரே. 1953இல் ஹோ ஆ லோக், லோக் வான் தோ ஆகிய இருவரும் இணைந்து கேத்தே-கெரிஸ் நிறுவனத்தைத் தோற்றுவித்தனர். ஷா நிறுவனத்துக்குப் போட்டியாக எழுந்த இதற்கு, ரம்லிக்கு நிகரான ஈர்ப்புடைய முகங்கள் தேவைப்பட்டன. அத்தேவையை நிறைவு செய்தோருள் மரியா முன்னணியில் நின்றார்.

அவரை அழியாப் புகழுக்கு உரியவராக்கிய படங்களை இயக்கியவர் பி. என். ராவ். தமிழ் வாசகர்க்கு இவர் அயலார் அல்லர். ‘மதனகாமராஜன்’ (1941), ஜெமினி நிறுவனத்தின் ‘தாசி அபரஞ்சி’ (1944) ஆகிய தமிழ்ப் படங்களை இயக்கிய பின்னரே சிங்கப்பூருக்கு வந்தார். பாடலும் ஆடலும் மிகையுணர்ச்சியும் கலந்த இந்தியக் கதைசொல்லல் முறை இத்தகையோர் வழியாகவே மலாய்த் திரைக்குள் புகுந்தது என்பது உண்மை. ஆயினும், ‘மலாய்ப் படங்களை உருவாக்கியவர்கள் நம்மவர்களே’ என்று பெருமிதத்தோடு முடித்துக்கொள்வது வரலாற்றின் ஒரு பாதியை மறைப்பதாகும். அடுத்து நாம் காணவிருக்கும் படமே இதற்குத் தக்க எடுத்துக்காட்டு.

‘பொந்தியானாக்’: அழகும் அச்சமும்

1957 ஏப்ரல் 27ஆம் நாள் சிங்கப்பூரின் கேத்தே திரையரங்கில் ‘பொந்தியானாக்’ திரையிடப்பட்டது. மலாயா விடுதலை பெறுவதற்கு நான்கு மாதங்களே எஞ்சியிருந்தன. கதையை எழுதியவர் மரியாவின் அந்நாளைய கணவரான அப்துல் ரசாக். பிள்ளைப்பேற்றில் இறந்த பெண் பேயாகத் திரிவாள் என்பதும், அவள் பிடரியில் ஆணி அறைந்தால் அழகிய பெண்ணாகி அடங்கிவிடுவாள் என்பதும் மலாய் மக்களின் நெடுநாளைய நம்பிக்கை. நம் பழையனூர் நீலி கதையும், ஆணியால் கட்டப்படும் கேரள யட்சி கதைகளும் இங்கு நினைவுக்கு வருதல் இயல்பு. ஆயினும், ஒப்புமை ஒன்றையே கொண்டு கடன் வாங்கப்பட்டதாக முடிவு செய்தல் ஆய்வு நெறியாகாது. இயக்குநர் மலபாரிலிருந்து வந்தவர். கதையோ இம்மண்ணுக்கு உரியது. இப்பங்கீட்டை உள்ளவாறு பதிவு செய்தலே தகும்.

இப்படத்தில் மரியா ஏற்ற பாத்திரத்தின் பெயர் சொமெல். அப்பெயருக்கு ‘எழிலானவள்’ என்பது பொருள். ஆனால் படத்தின் தொடக்கத்தில் அவள் கூன்விழுந்த அருவருப்பான தோற்றத்தினள். வளர்ப்புத் தந்தையின் மந்திர நூலில் கண்ட மருந்தை அருந்தி அழகியாகிறாள். குருதியைச் சுவைக்கலாகாது என்பது அதற்குரிய விலக்கு. பாம்பு தீண்டிய கணவனைக் காக்க நஞ்சை உறிஞ்சும்பொழுது அவ்விலக்கு மீறப்படுகிறது. அவள் பொந்தியானாக் ஆகிறாள்.

அழகிப் பட்டம் வென்ற ஒருவர், அவ்வழகையே மறைக்கும் ஒப்பனையில் தோன்ற இசைந்தார் என்பது இங்கு நாம் வலியுறுத்த விரும்பும் செய்தி. காண வந்தவர் அழகியைக் கண்டனர்; கண்டு அஞ்சவும் செய்தனர். மேலும், கதையின் உட்பொருளும் நடிகையின் வாழ்நிலையும் ஒன்றை ஒன்று எதிரொலிக்கின்றன. அழகு என்பது ஒரு விலக்கோடு வழங்கப்படும் பேறு. அதை மீறுபவள் அனைத்தையும் இழப்பாள். அன்பினால் மீறினும் தண்டனை ஒன்றே. அழகிப் போட்டியும் திரைத்துறையும் பெண்ணுக்கு விதித்த நிபந்தனைகளும் இவற்றினின்று பெரிதும் வேறுபட்டன அல்ல.

படம் பெருவெற்றி பெற்றது. கண்டோனீஸ் மொழியில் ஒலிமாற்றம் செய்யப்பட்டு ஹாங்காங்கிலும் திரையிடப்பட்டது. அதே ஆண்டில் ‘டெண்டாம் பொந்தியானாக்’, அடுத்த ஆண்டில் ‘சும்பா பொந்தியானாக்’ எனத் தொடர்ச்சிகள் வெளிவந்தன. ஷா நிறுவனமும் 1958இல் ‘அனாக் பொந்தியானாக்’ படத்தை வெளியிட்டுப் போட்டியில் இறங்கியது. மலாய்த் திகில் படம் என்னும் வகைமை இவ்வாறு நிலைபெற்றது.

தயாரிப்பாளராக மரியா

அன்றைய நடிகர்கள் நிறுவனங்களிடம் மாதச் சம்பளம் பெற்ற பணியாளர்கள். படம் ஈட்டிய வருவாய்க்கும் அவர்கள் பெற்ற ஊதியத்துக்கும் இடையே பெரும் இடைவெளி இருந்தது. 1957இல் ஷா நிறுவனக் கலைஞர்கள் ‘பெர்சாமா’ என்னும் தங்கள் சங்கத்தின்வழி வேலைநிறுத்தம் செய்ததும் இப்பின்னணியிலேயே. மரியா வேறொரு வழியைத் தேர்ந்தார். தம் பெயரிலேயே ‘மரியா மெனாடோ புரொடக்ஷன்ஸ்’ நிறுவனத்தைத் தொடங்கிப் படங்களைத் தயாரித்தார். மலாயாவின் முதல் பெண் திரைப்படத் தயாரிப்பாளர் என்று அவர் குறிக்கப்படுவது இதனாலேயே. பிறர் விற்பனை செய்த தம் முகத்தையும் பெயரையும் தாமே உடைமையாக்கிக்கொண்ட செயல் இது. 1961இல் அவர் நடித்த ‘சித்தி சுபைதா’, ஆணுருவில் போருக்குச் சென்று கணவனை மீட்கும் பெண்ணைப் பாடும் பழைய மலாய்ச் ‘சயிர்’ செய்யுளிலிருந்து எடுக்கப்பட்டதாகும்.

1963இல் பகாங் சுல்தான் அபூபக்கரை மணந்த பின்னர் மரியா திரையுலகிலிருந்து விலகினார். அப்பொழுது அவருக்கு வயது முப்பதை ஒட்டியே இருந்தது. பன்னிரண்டு ஆண்டுக் கலைவாழ்வு அத்துடன் நிறைவுற்றது.

முடிவுரை

மேற்கண்டவற்றால் மூன்று செய்திகள் பெறப்படுகின்றன. முதலாவது, அழகிப் பட்டம் மரியாவின் கலைவாழ்வுக்குத் தொடக்கமேயன்றி அதன் சாரமன்று. இரண்டாவது, இந்திய இயக்குநர், சீன முதலாளி, மலாய் எழுத்தாளர், மினஹாசா நடிகை ஆகிய நால்வரும் கூடியே ‘பொந்தியானாக்’ உருவாயிற்று. இவர்களுள் ஒருவரை மட்டும் உயர்த்தி எழுதும் வரலாறு குறையுடையது. மூன்றாவது, இவ்வரலாற்றின் மூலச் சான்றுகள் நம் கண்முன்னேயே அழிந்துள்ளன. 1957இல் மக்கள் திரண்டு கண்ட ‘பொந்தியானாக்’ படத்தின் படச்சுருள் இன்று இல்லை. அதன் முதல் தொடர்ச்சியும் அவ்வாறே. மூன்றாம் படமாகிய ‘சும்பா பொந்தியானாக்’ மட்டும் எஞ்சியுள்ளது. கேத்தே-கெரிஸ் நிறுவனத்தின் எஞ்சிய மலாய்ப் படங்கள் 2014இல் யுனெஸ்கோவின் ஆசிய பசிபிக் வட்டார உலக நினைவுப் பதிவேட்டில் இடம்பெற்றமை ஆறுதலுக்குரியது.

நம் வகுப்பறைகளில் மலாய்த் திரைக்கும் தமிழ்த் திரைக்குமுள்ள உறவைக் கற்பிக்கும்பொழுது கிருஷ்ணனையும் ராவையும் பெருமையோடு கூறுகிறோம். அவர்களுடைய படக்கருவியின் முன் நின்று, தம் அழகையும் அதன் மறைப்பையும் ஒருசேரக் கலையாக்கிய பெண்ணையும் அவர்களோடு சேர்த்துக் கூறுதல் நம் கடமையாகும்.