கோசெல், ஹோவர்ட் (1918–1995)

அமெரிக்கத் தொலைக்காட்சிக் குத்துச்சண்டை வர்ணனையாளர். நியூயார்க்கின் புரூக்ளினில் வளர்ந்தவர். வக்கீல் தொழிலை விட்டு ஏபிசி நிறுவனத்துக்கு வந்தார். மூக்கால் இழுத்துப் பேசும் குரல், கோர்ட்டில் வாதாடுவது போன்ற நடை, தலையில் டோப்பா. நேயர்கள் திட்டிக்கொண்டேதான் கேட்டார்கள். அந்த டோப்பாவைக் கழற்றப்போவதாகக் குத்துச்சண்டை வீரர் முகமது அலி கேமரா முன்னாலேயே வம்பிழுப்பார். காசியஸ் கிளே என்ற தன் பெயரை அலி 1964-இல் மாற்றியபின்னும் பல பத்திரிகைகள் பழைய பெயரையே அச்சிட்டன. கோசெல் புதுப்பெயரால் அழைத்தார். ராணுவத்தில் சேர மறுத்து 1967-இல் அலி பட்டமிழந்தபோதும் அவர் பக்கமே நின்றார். கோசெலின் வாழ்வில் மதிக்கத்தக்க பகுதி இதுதான்.

1973 ஜனவரி 22, ஜமைக்காவின் கிங்ஸ்டன்: ஜார்ஜ் ஃபோர்மன் இரண்டே சுற்றில் ஜோ ஃபிரேசியரை ஆறு முறை சாய்த்தார். முதல் முறை விழுந்ததுமே, ஃபிரேசியர் விழுந்துவிட்டார் என்று கோசெல் மூன்று தடவை அலறிய அலறல் சண்டையைவிடப் புகழ்பெற்றது.

1982 நவம்பரில், ஹூஸ்டனில், லாரி ஹோம்ஸ் 15 சுற்றும் ராண்டல் காப்பை அடித்து நொறுக்கினார். நடுவர் நிறுத்தவில்லை. வெறுத்துப்போன கோசெல், தொழில்முறைச் சண்டைகளுக்கு வர்ணனை செய்வதையே விட்டார். அது குத்துச்சண்டைக்குத் தான் செய்த உபகாரம் என்று கிண்டலடித்தார் காப்.