தணலும் தீட்டும்: சுட்ட கறியின் வரலாறு



அண்ணல் அம்பேத்கரின் நினைவு நாளில் சமையலைப் பற்றிப் பேசுகிறேன் என்றதும் அமைப்பாளர்கள் சற்றுத் தயங்கினார்கள். நிலம், கூலி, வன்கொடுமை என்று எவ்வளவோ இருக்கும்போது மாட்டுக்கறி சுடுவது ஒரு பொருளா என்று கேட்டார்கள். நிலமும் கூலியும் வன்கொடுமையும் நம் அடுப்பில்தான் வந்து சேருகின்றன என்று சொல்லிவிட்டு வந்திருக்கிறேன்.

முதலில் செய்முறை. என் அம்மா செய்தபடி சொல்கிறேன். தொடைக்கறியை விரல் கனத்துக்குப் பட்டையாக, நார் ஓடும் திசைக்குக் குறுக்கே அரிய வேண்டும். அப்போதுதான் பல்லுக்கு இணங்கும். உப்பு, மஞ்சள், காய்ந்த மிளகாய், மிளகு, பூண்டு எல்லாவற்றையும் அம்மியில் அரைத்துப் பிசறி, மண்சட்டியில் மூடி வைக்க வேண்டும். முற்றல் கறியானால் பப்பாளிக்காய் ஒரு துண்டு அரைத்துச் சேர்க்கலாம். அதிக நேரம் ஊறினால் குழைந்துவிடும். கொட்டாங்கச்சியை எரித்து, சுடர் அடங்கித் தணல் சாம்பல் பூத்த பிறகு, கம்பியில் கோத்துத் திருப்பித் திருப்பிச் சுட வேண்டும். மிஞ்சிய கறியை நீளவாக்கில் அரிந்து, உப்பும் மஞ்சளும் தடவி, கயிற்றில் கோத்து நாலைந்து நாள் நல்ல வெயிலில் காயவிட்டால் உப்புக்கண்டம். அடைமழையில் வேலையில்லாத நாளில் அதைத் தணலில் வாட்டி, கல்லில் தட்டி, கஞ்சிக்குத் தொட்டுக்கொள்வோம்.

இந்தச் செய்முறையை ஓர் ஆவணமாகப் படித்துப் பாருங்கள். இதில் எண்ணெய் இல்லை. காசு கொடுத்து வாங்கும் விறகு இல்லை. நெல்லைக் கூலியாக அளந்து வாங்கிய பண்ணையாள் வீட்டில் காசு புழங்கியதில்லை. கிடைத்த கறி பல நாளைக்கு வர வேண்டும். அதனால்தான் உப்பும் வெயிலும். ஒரு மாடு ஒரு வீட்டுக்கானதல்ல. தெருவுக்கே கூறு போடப்பட்டது. மிளகாயும் பப்பாளியும் அமெரிக்கக் கண்டத்திலிருந்து பிற்காலத்தில் வந்தவை. கறியும் தணலும் அவற்றுக்கு வெகுகாலம் மூத்தவை.

எவ்வளவு மூத்தவை? பொருநராற்றுப்படையில் கரிகாலன் தன்னை நாடி வந்த பொருநனுக்குக் கம்பியில் கோத்துச் சுட்ட இறைச்சியைத் தின்னத் தின்னக் கொடுக்கிறான். பெரியபுராணத்தில் கண்ணப்பர் பன்றிக்கறியைத் தீயில் வாட்டி, பல்லால் பதம் பார்த்துச் சிவனுக்குப் படைக்கிறார். சம்பந்தர் பாடிய நம் திருவேட்டக்குடிக் கோயிலிலும் சிவன் வேடமூர்த்தி. அர்ச்சுனனுக்காக வில்லேந்தி வேட்டுவனாக வந்தவர் என்கிறது தலபுராணம். வேட்டுவக் கோலம் இங்கே வழிபாட்டுக்குரியது. அப்படியானால் கறி சுட்ட அடுப்பு எப்போது தீட்டானது?

நந்தனாரிடம் கேட்போம். கொள்ளிடக்கரை ஆதனூரில் பிறந்த அவர் செய்த திருப்பணி என்ன? கோயில் முழவுகளுக்குத் தோலும் வாரும், யாழுக்கும் வீணைக்கும் நரம்பும், பூசைக்குக் கோரோசனையும் கொடுத்தார் என்கிறது பெரியபுராணம். கோரோசனை என்பது மாட்டின் வயிற்றுக்குள்ளிருந்து எடுப்பது. தோல் கோயிலுக்குள் போயிற்று, நரம்பு போயிற்று, கோரோசனை போயிற்று. உரித்தவர் வெளியே நின்றார். ஆக, மாட்டின் உடலில் அவர்களுக்கு வேண்டியதெல்லாம் புனிதம். நமக்கு மிஞ்சிய கறி மட்டும் தீட்டு. தீட்டு மாட்டிலும் இல்லை, கறியிலும் இல்லை. யார் எடுத்துக்கொள்கிறார், யாருக்கு மிஞ்சுகிறது என்ற பங்கீட்டில் இருக்கிறது.

1948-இல் வெளிவந்த ‘தீண்டப்படாதார் யார்?’ என்ற ஆய்வை அம்பேத்கர் நந்தனார், ரவிதாசர், சோகாமேளர் ஆகிய மூவரின் நினைவுக்குக் காணிக்கையாக்கினார். பௌத்தத்தை வெல்வதற்காகப் பிராமணர்கள் மாட்டிறைச்சியைக் கைவிட்டார்கள். ஊருக்கு வெளியே வாழ்ந்த, பௌத்தர்களாக இருந்த சிதறுண்ட மக்கள் அதைத் தொடர்ந்து உண்டார்கள். அதுவே தீண்டாமையின் வேராயிற்று என்பது அவர் வாதம்.

இங்கே ஒரு கேள்வி எழும். 1927-இல் மகாடில் அதே அம்பேத்கர் செத்த மாட்டின் கறியைத் தின்னாதீர்கள் என்றாரே? ஆம், சொன்னார். செத்த மாட்டை இழுப்பது கட்டாய ஊழியம். அதன் கறி அந்த ஊழியத்துக்கு வீசப்பட்ட கூலி. அவர் விடச் சொன்னது அந்த அடிமைத்தனத்தை. உழைத்த காசில் சந்தையில் வாங்கி, நம் விருப்பத்துக்குச் சமைப்பது வேறு. நம் பாட்டிகளின் பசியைப் பண்பாடு என்று கொண்டாடிவிடக் கூடாது. அவர்களின் கைப்பக்குவத்தை இழிவு என்று புதைத்துவிடவும் கூடாது. இரண்டையும் பிரித்துப் பார்க்கக் கற்க வேண்டும்.

1739-இல் பிரெஞ்சுக்காரர்கள் கைக்கு வந்த காரைக்கால் 1954-இல் இந்தியாவின் நிர்வாகத்துக்கு மாறியது. புதுச்சேரியின் பசுவதைத் தடுப்புச் சட்டம் 1968-ஆம் ஆண்டுக்குரியது. அதே 1968, டிசம்பர் 25 இரவில் கீழ்வெண்மணியில் 44 பேர் எரிக்கப்பட்டார்கள். ஒன்றுக்கு இன்னொன்று காரணம் என்று நான் சொல்லவில்லை. ஓர் ஆண்டின் இரு பக்கங்களையும் சேர்த்துப் படியுங்கள் என்கிறேன். 2022 மே மாதம் ஆம்பூர் பிரியாணித் திருவிழாவில் மாட்டுக்கறிக்கு இடமில்லை என்றார்கள். எதிர்ப்பு எழுந்தது, மழையைக் காரணம் காட்டி விழாவே தள்ளிவைக்கப்பட்டது. மாநில ஆதிதிராவிடர் பழங்குடியினர் ஆணையம் மாவட்ட ஆட்சியரிடம் விளக்கம் கேட்டது. அரசு விழாப் பந்தியிலும் அதே பங்கீடுதான். பிரெஞ்சுக்காரர் மேசையில் இந்தக் கறி ‘பிஃப்தேக்’. இன்றும் புதுச்சேரி உணவகங்களில் அதற்கு ‘ஸ்டேக்’ என்று பெயர், முள்கரண்டி, மரியாதை. அதே தொடைக்கறி, அதே தணல்தான்.

பள்ளித் தோழிகள் வீட்டுக்கு வரும் நாளில் அம்மா உப்புக்கண்டக் கயிற்றை அவிழ்த்துக் கொல்லைக்குக் கொண்டுபோய்விடுவார். அவிழ்க்கச் சொன்னது நான்தான். அந்த வெட்கம் எனக்குள் எப்படி வந்தது என்று புரிந்துகொள்ளத்தான் சமூகவியல் படித்தேன் என்றுகூடச் சொல்லலாம்.

மராத்தியில் ஷாகு பாட்டோளே 2015-இல் தலித் சமையலை ஒரு நூலாக எழுதிவிட்டார். நம் டெல்டாவின் அடுப்படிகளை நாம் எழுத வேண்டும். மாணவர்களே, இந்த விடுமுறையில் ஒரு நோட்டோடு உங்கள் அம்மாயி, அப்பாயியிடம் உட்காருங்கள். எந்தக் கறிக்கு என்ன பெயர், கூறு போட்டது யார், எந்தக் கூறு யாருக்குப் போனது, வீட்டில் கடைசியாகச் சாப்பிட்டது யார் என்று கேளுங்கள். கடைசிக் கேள்வியை விட்டுவிடாதீர்கள். பங்கீட்டின் அநீதி நம் வீட்டுக்குள்ளும் உண்டு. பெரும்பாலும் சுட்டவளுக்குத்தான் கறி மிஞ்சியதில்லை.

ஜெய்பீம்.