நவம்பர் 9: ஒரு நாடும் ஒரு நாளும்

ஆண்டுதோறும் வந்துபோகும் நாள்களுள் சில, ஒரு நாட்டின் வரலாற்றில் மீண்டும் மீண்டும் தலைகாட்டுவதுண்டு. ஜெர்மனிக்கு நவம்பர் 9 அத்தகையதொரு நாள். அந்நாட்டார் அதனை ‘விதி நாள்’ என்றே வழங்குவர். 1848, 1918, 1923, 1938, 1989 ஆகிய ஆண்டுகளில் அந்நாளில் நிகழ்ந்தவற்றை அடுத்தடுத்து வைத்து நோக்கினால், அவற்றில் விதியின் பங்கு எவ்வளவு, மனிதர் செயலின் பங்கு எவ்வளவு என்னும் வினா எழாமற் போகாது.

1848, ஐரோப்பா எங்கணும் மக்கள் கிளர்ந்தெழுந்த ஆண்டு. பிராங்பர்ட் தேசிய மன்ற உறுப்பினராகிய ராபர்ட் புளூம், வியன்னா நகரப் புரட்சியாளர்க்குத் துணை நின்றார். நகரைக் கைப்பற்றிய பேரரசின் படையினர், மன்ற உறுப்பினர்க்குரிய பாதுகாப்பையும் பொருட்படுத்தாது, நவம்பர் 9 காலையில் அவரைச் சுட்டுக் கொன்றனர். லைப்சிக் நகரில் கவிஞர் ஷில்லரின் பெயரால் கழகம் கண்டு விழா எடுத்தவர் புளூம். அவர் மாண்டதற்கு மறுநாள் ஷில்லரின் பிறந்த நாள்.

எழுபது ஆண்டுகள் கழிந்தன. முதல் உலகப் போரில் ஜெர்மனி தோல்வியின் விளிம்பில் நின்ற 1918 நவம்பர் 9 அன்று, பேரரசர் இரண்டாம் வில்லியம் முடிதுறந்தார் என்று தலைமை அமைச்சர் அறிவித்தார். பிற்பகலில் பிலிப் ஷைடமான் நாடாளுமன்றக் கட்டடத்திலிருந்து குடியரசைப் பிரகடனம் செய்தார். சில மணி நேரத்தில் கார்ல் லீப்னெக்ட், பெர்லின் அரண்மனையிலிருந்து சோசலிசக் குடியரசைப் பிரகடனம் செய்தார். ஒரே நாளில் அறிவிக்கப்பெற்ற இரண்டனுள் முன்னதே நிலைபெற்றது.

அக்குடியரசை வெறுத்தோர்க்கு அந்நாள் அவமான நாளாயிற்று. 1923 நவம்பர் 8 இரவு, மியூனிக் நகர மதுக்கூடமொன்றில் ஹிட்லர் கலகத்தைத் தொடங்கினார். மறுநாள் அவர் நடத்திய ஊர்வலம் காவலரின் துப்பாக்கி முன் சிதறியது. காவலர் நால்வரும் உயிரிழந்தனர். ஐந்தாண்டுச் சிறைத்தண்டனை பெற்ற ஹிட்லர், 1924 இறுதியிலேயே வெளிவந்தார்.

1933இல் ஆட்சியைப் பிடித்த நாஜிக் கட்சியினர், அன்று மாண்ட தம்மவரைத் தியாகிகளாக்கி ஆண்டுதோறும் மியூனிக்கில் விழா எடுத்தனர். 1938 நவம்பர் 7 அன்று பாரிஸில் யூத இளைஞர் ஒருவரால் சுடப்பட்ட ஜெர்மன் தூதரக அதிகாரி, 9ஆம் நாள் இறந்தார். அன்று மாலை, நினைவு விழாவின் பொருட்டுக் கட்சித் தலைவர்கள் மியூனிக்கில் ஒரே மண்டபத்தில் கூடியிருந்தனர். அங்கே கோயபல்ஸ் ஆற்றிய உரையே தூண்டுகோலாயிற்று. கேட்டவர்கள் தத்தம் ஊர்களுக்குத் தொலைபேசி வழியே ஆணையிட்டனர். அன்றிரவும் மறுநாளும் 1,400க்கு மேற்பட்ட யூதத் தொழுகைக் கூடங்கள் எரிக்கப்பட்டன அல்லது பாழாக்கப்பட்டன. ஏறத்தாழ 30,000 யூத ஆடவர் கைது செய்யப்பட்டு வதைமுகாம்களுக்குக் கொண்டு செல்லப்பட்டனர். இதனைத் தற்செயல் என்று தள்ளிவிட இயலாது. மாண்டோரை நினைவுகூரக் கூடிய கூட்டமே வன்முறைக்கு மேடையாயிற்று.

1989இன் கதை இதற்கு நேர்மாறானது. கிழக்கு ஜெர்மனியின் ஆளுங்கட்சித் தலைவர்களுள் ஒருவரான ஷபோவ்ஸ்கி, புதிய பயண விதிகளைச் செய்தியாளர் கூட்டத்தில் படித்தார். மறுநாள் முதல் நடைமுறைக்கு வரவேண்டிய அவ்விதிகள் எப்போது தொடங்கும் என்று வினவியபோது, உடனடியாக என்று கூறிவிட்டார். மக்கள் எல்லை வாயில்களில் திரண்டனர். நள்ளிரவுக்குச் சற்று முன்னர், போர்ன்ஹோல்மர் தெருவில் காவலர் வழிவிட்டனர். 28 ஆண்டுகள் நகரைப் பிளந்து நின்ற சுவர் அன்றே பொருளிழந்தது. எவரும் நாள் குறித்து நடத்திய நிகழ்ச்சியன்று அது.

ஒன்றுபட்ட நாட்டின் தேசிய நாளாக நவம்பர் 9ஐக் கொள்ளலாமே என்ற எண்ணம் எழுந்தது. ஆயினும், தொழுகைக் கூடங்கள் எரிந்த நாளில் வாணவேடிக்கை தகாது என்ற உணர்வே வென்றது. நாடுகள் சட்டப்படி இணைந்த 1990 அக்டோபர் 3ஆம் நாளே தேசிய நாளாயிற்று.

மியூனிக்கில் விழா எடுத்தவர்கள், மாண்டோரின் நினைவைப் பகைக்கு எண்ணெயாக்கினர். பின்வந்த தலைமுறையோ கொண்டாட்டத்திற்கு வேறொரு நாளைத் தேடிக்கொண்டு, நவம்பர் 9ஐத் துயரும் மகிழ்ச்சியும் ஒருங்கே தங்குதற்கு விட்டுவைத்தது.